நார்ஃபோக் வட்டக் கோபுரத் தேவாலயங்கள்: யாராவது பார்த்திருக்கிறீர்களா?

வணக்கம். அடுத்த மாதம் வேலையாக இங்கிலாந்தின் நாரிச் நகருக்குப் போகிறேன், ஒரு நாள் ஓய்வு உண்டு. அந்த நகர் இருக்கும் நார்ஃபோக் மாவட்டத்தில் மட்டுமே எண்ணினாலும் வட்டக் கோபுரம் கொண்ட பழைய தேவாலயங்கள் 120-க்கு மேல் நிற்கின்றன. மூலைக்கு வைக்க நல்ல கல் இல்லை, கிடைத்தது சிக்கிமுக்கிக் கல்தான், அதனால் வட்டமாகக் கட்டினார்கள் என்பது வழக்கமான விளக்கம். எனக்கு அது ஒப்பவில்லை. அதே கல்லில் கட்டிய தேவாலய மண்டபத்துக்கு நான்கு மூலை இருக்கிறதே! வட ஜெர்மனியிலும் இப்படிக் கோபுரங்கள் உண்டு. அங்கிருந்து வந்த பழக்கமா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

அப்புறம், என்னிடம் கார் இல்லை. நார்ஃபோக்கின் ஹாடிஸ்கோ என்ற ஊரில் உள்ள தேவாலயக் கோபுரத்தின் உச்சி சதுரங்கப் பலகை போல இருக்கும், அதை எப்படியாவது பார்க்க வேண்டும். ஹாடிஸ்கோ ரயில் நிலையத்திலிருந்து நடந்தே போகலாமா? பகலில் கதவு திறந்திருக்குமா?