நம்ம வீட்டு அரட்டை

சுபா: நேத்து ராத்திரி ‘சாண்டகன் 8’ பாத்தேன் பெரியப்பா. 1974ல வந்த ஜப்பான் படம். அந்தப் பாட்டியா நடிச்சது யாரு? தூக்கமே வரல

பெரியப்பா: கினுயோ தனகா. துண்டு கேக்குற சீன் பாத்தியா?

சுபா: அதேதான்!!

கார்த்தி: என்ன துண்டு

சுபா: படத்துல அந்தப் பாட்டிய சின்ன வயசுல போர்னியோ தீவுக்கு வித்துடுறாங்கடா. அந்தக் கதையைக் கேக்க ஒரு பொண்ணு வந்து குடிசையில கூடவே தங்குறா. கெளம்புறப்ப, நீ தொடச்சுக்கிட்ட துண்டைக் குடுத்துட்டுப் போம்மா, உன் நெனப்பா வச்சுக்கிறேன்னு வாங்கி, அதுல மூஞ்சியப் பொத்திக்கிட்டு அழுவாங்க பாரு...

மாலா சித்தி: ஐயோ

பெரியப்பா: அதுக்குத்தான் 1975 பெர்லின் விழாவுல சிறந்த நடிகை விருது. ரெண்டே வருஷம், 1977ல போய்ட்டாங்க. 1924ல ஊமைப் படத்துல ஆரம்பிச்சவங்க, அப்ப 14 வயசு. 1931ல ஜப்பானோட முதல் பேசும்படம் வந்துச்சே, அதுலயும் இவங்கதான்

ராஜி அத்தை: யார் வீட்லயாவது தோசை மாவு இருக்கா

மாலா சித்தி: இருக்கு அண்ணி, ஆள் அனுப்புங்க

பெரியப்பா: 🎤 வாய்ஸ் மெசேஜ் (4:12)

கார்த்தி: பெரியப்பா ப்ளீஸ், டைப் பண்ணுங்க. ஆபீஸ்ல இருக்கேன்

பெரியப்பா: சரி. 1949ல அமெரிக்கா போனாங்க. போறப்ப கிமோனோ. 1950ல திரும்பி வர்றப்ப கூலிங் கிளாஸ், மேல்நாட்டு டிரெஸ், கூட்டத்தைப் பாத்து பறக்கும் முத்தம். பத்திரிகைக்காரன்லாம் கிழிச்சுத் தொங்கவிட்டான். தூக்கி நிறுத்துனது டைரக்டர் மிசோகுச்சி. 1952ல ‘ஓஹாருவின் வாழ்க்கை’. அரண்மனைப் பொண்ணுல தொடங்கி தெருவுல நிக்கிற கிழவி வரைக்கும் ஒரே ஆள்

மாலா சித்தி: அந்த மிசோகுச்சிதானே இவங்க டைரக்டர் ஆகக்கூடாதுன்னு குறுக்க விழுந்தது?

பெரியப்பா: அவர் மேதைம்மா

மாலா சித்தி: மேதையா இருக்கட்டும். கேமரா முன்னாடி நின்னா தேவதை, பின்னாடி போனா ஆகாதா?

சுபா: 🔥🔥 சித்தி

பெரியப்பா: எதிர்த்தார்தான், மறுக்கல. டைரக்டர்கள் சங்கத் தலைவரா இருந்துக்கிட்டே எதிர்த்தார். ஆனா இன்னொரு டைரக்டர் ஓசு, தான் எழுதுன ஸ்கிரிப்டையே இவங்களுக்குத் தூக்கிக் குடுத்தார், 1955ல அது படமாச்சு. அதுக்கு முன்னாடியே, 1953ல, முதல் படம் ‘காதல் கடிதம்’ எடுத்துட்டாங்க. மொத்தம் 6 படம்

சுபா: அதே 1955ல ‘நித்திய முலைகள்’னு இன்னொண்ணு. மார்பகப் புற்றுநோய் வந்த ஒரு கவிஞரோட கதை. அவ உடம்பு, அவ ஆசை எதையும் மூடி மறைக்கல. அந்தக் காலத்து ஆம்பள டைரக்டர் எடுத்திருந்தா பாவம் பாவம்னு அழவச்சு முடிச்சிருப்பான்

கார்த்தி: நடிக்கிறத விட்டுட்டாங்களா அப்ப?

பெரியப்பா: எங்க விட்டாங்க! 1958ல ‘நரயாமா’, கினோஷிதா படம். வயசாயும் பல்லு கெட்டியா இருக்கேன்னு வெக்கப்படுற கிழவி வேஷம். கல்லுல இடிச்சு தானே பல்லை ஒடச்சுக்குவா. அதுக்காக நெசமாவே முன்பல்லை எடுத்துட்டு நடிச்சாங்க. வயசு 48

ராஜி அத்தை: 😳 பல்லையா?? நான் பல் டாக்டர்ட்ட போறதையே 6 மாசமா தள்ளிப்போடுறேன்

மாலா சித்தி: ஞாயித்துக்கிழமை ஏதாவது ஒண்ணு போடு சுபா. எங்க வீட்டு டிவியில

பெரியப்பா: ஓஹாரு போடு

மாலா சித்தி: மிசோகுச்சி வேணாம். அந்தம்மா எடுத்த படமா போடு

சுபா: அப்ப ‘நித்திய முலைகள்’தான். 4 மணிக்கு வந்துடுறேன்

பெரியப்பா: நானும் வர்றேன். சப்டைட்டில் எழுத்து பெருசா வை