புதுப்பிப்பு: 'பெரும்பதன் கல்' கதை முடிந்தது

போன மாதம் இங்கே ஒரு கேள்வி கேட்டிருந்தேன். தாய்லாந்தில் குவான் லுக் பாட் என்ற இடத்தில் கிடைத்த, பொன்னை உரைத்துப் பார்க்கும் சிறு உரைகல் ஒன்றில், பழந்தமிழ் எழுத்தான தமிழ்ப் பிராமியில் 'பெரும்பதன் கல்', அதாவது பெரும்பதனுடைய கல், என்று இருக்கிறது, கி.பி. 3-4ஆம் நூற்றாண்டு என்கிறார்கள். இவ்வளவை மட்டும் வைத்துக் கதைக்கு ஒரு ஆளை எப்படி உருவாக்குவது? பதில் சொன்ன எல்லோருக்கும் நன்றி.

முதலில், பெயரின் பொருளைப் பிடிக்கச் சொன்ன யோசனையை முயன்றேன். பதன் என்பது பத்தன், அதாவது பொற்கொல்லன். இன்றும் பத்தர் என்கிறோமே, அதே சொல். பெரும் பத்தன் என்றதும் மீசைக்காரப் பெரியவர் ஒருவர் வந்து உட்கார்ந்துகொண்டார். அசையவே மாட்டேன் என்றார். நான்கு பக்கம் வீண்.

கைகொடுத்தது, "கல்லில் பேரை எதற்கு வெட்டினான் என்று கேளுங்கள்" என்ற ஒற்றை வரிப் பதில்தான். யாரோ கல்லை எடுத்துவிடுகிறார்கள், அதனால் வெட்டினான். சரி, யார்? கூடவே கடல் தாண்டி வந்த தம்பி. அப்புறம் கதை தானாக ஓடியது.

எதிர்பாராதது ஒன்று. எங்கள் ஊர்ப் பத்தர் ஒருவரிடம் படித்துக் காட்டினேன். கல்லில் உரைத்த பொன் கீற்றைத் தம்பி துணியால் துடைப்பதாக எழுதியிருந்தேன். "துணியிலயா? மெழுகுல ஒத்தி எடுக்கணும் சார், அது பொன்னாச்சே" என்றார். மெழுகை உருக்கினால் ஒட்டிய பொன் திரும்பக் கிடைத்துவிடுமாம்.

கடைசிப் பகுதியை மாற்றிவிட்டேன். தம்பி இப்போது திருடுவது கல்லை அல்ல, அந்த மெழுகுருண்டையை. அண்ணன் பேர் வெட்டியது கல்லில் மட்டும்தானே.