சாம்பிராணிப் புகையில் போய்வந்த ஊர்கள்: உங்கள் கனவு அனுபவங்களைச் சொல்லுங்கள்

காவிரிக்கரை:

தூங்கப் போகும் முன் சாம்பிராணி போட்டால் எனக்கு ஒரே ஒரு ஊருக்குத்தான் கனவு போகிறது. திருக்கடையூர் பக்கம் அப்பாயி வீடு. அந்த வீடு இப்போது இல்லை, இடித்து மனையாக விற்றாகிவிட்டது. வெள்ளிக்கிழமை தலைக்குக் குளித்துவிட்டு வந்தால் அப்பாயி தூபக்காலில் கொட்டாங்குச்சித் தணலை அள்ளிப் போட்டு, குங்கிலியமும் சாம்பிராணியும் சேர்த்து இடித்த தூளை ஒரு சிட்டிகை தூவி, மேலே மூங்கில் கூடையைக் கவிழ்த்து, அதன்மேல் என் முடியை விரித்துவிடுவார். தூள் தணலில் விழுந்ததும் முதலில் சொரசொரவென்று பொரியும், ஓரத்தில் கறுப்பாக உருகி ஓடும், அப்புறம்தான் வெள்ளைப் புகை எழும்.

கனவில் புகையே கிடையாது, வாசனையும் வராது, வீடு மட்டும் வரும். அதுவும் நான் மறந்துபோன மூலைகள். போன மாதம் கொல்லைக் கதவில் தாழ்ப்பாளுக்குப் பதில் பழைய சைக்கிள் செயின் மாட்டியிருப்பதைப் பார்த்தேன். காலையில் அத்தைக்கு போன் போட்டுக் கேட்டால், "ஆமாடி, உங்க தாத்தா சைக்கிள் செயின்தான், தாழ்ப்பாள் துருப்பிடிச்சு விழுந்தப்புறம் அதைத்தான் மாட்டி வச்சிருந்தாங்க, உனக்கு எப்படி ஞாபகம்?" என்கிறார். எனக்கு ஞாபகமே இல்லை, அங்கே போய்ப் பார்த்துவிட்டு வந்தேன், அவ்வளவுதான் சொல்லத் தெரிகிறது.

கம்ப்யூட்டர் சாம்பிராணி ஏற்றினால் ஒன்றும் நடப்பதில்லை. தணலும் தூளும் வேண்டும்.

எங்கள் ஊர் குங்கிலியக்கலய நாயனார் கதையை நான் இப்போதெல்லாம் வேறு மாதிரி நினைத்துக்கொள்கிறேன். நெல் வாங்கி வரச் சொல்லி மனைவி கழற்றிக் கொடுத்த தாலியைக் கொடுத்துக் குங்கிலியம் வாங்கிக் கோயிலில் சேர்த்துவிட்டார் என்று மட்டும்தான் எல்லாரும் சொல்கிறார்கள். அன்று ராத்திரி பட்டினியோடு படுத்திருந்த அந்த அம்மாவின் கனவில்தான் சாமி வந்து, வீடு நிறையச் செல்வம் இருப்பதைச் சொல்கிறார். புகை ஒருத்தருக்கு, கனவு இன்னொருத்தருக்கு. அந்த அம்மாவுக்கு ஒரு பேர்கூடக் கதையில் வராதது எனக்குப் பெரிய வருத்தம்.

உங்களுக்கு இப்படி நடந்திருந்தால் எழுதுங்கள்.

நாகூர் பாய்:

நடந்திருக்கிறது. சிங்கப்பூரில் இருக்கிறேன். சின்ன வயதில் எங்கள் வாப்பா கடைக்கு வியாழக்கிழமை அந்தியில் ஒருவர் தூபக்காலை ஆட்டிக்கொண்டே வருவார், கல்லாப்பெட்டிக்கு, தராசுக்கு, பிறகு எங்கள் முகத்துக்கு என்று புகை காட்டிவிட்டு மயிலிறகால் தலையில் ஒரு தட்டு தட்டிவிட்டுப் போவார். இங்கே தெலுக் ஆயர் தெருவில் பழைய நாகூர் தர்கா கட்டடம் இருக்கிறது, 1828க்கும் 1830க்கும் நடுவில் நம் ஊர்க்காரர்கள் கட்டியது. அதைத் தாண்டிப் போகிற அன்றைக்கு, வீட்டில் சாம்பிராணியும் போட்டுப் படுத்தால், ராத்திரி கடைத்தெருவில் நிற்கிறேன். வாப்பா மௌத்தாகி வருஷக்கணக்காகிவிட்டது. கனவில் சீனி நிறுத்துக் கட்டிக் கொடுத்துக்கொண்டிருக்கிறார், பொட்டலத்தைக் கட்டிய சணலைப் பல்லால் கடித்து அறுக்கிறார். நான் நிற்பது தெரிந்தும் நிமிர்ந்து பார்ப்பதில்லை, யாவாரம் முக்கியம் அவருக்கு.

ஒன்று சொல்லணும். நாம் போடுகிற சாம்பிராணியில் நல்ல சரக்கு பலகாலமாகவே எனக்கு எதிர்க்கரையில் இருக்கும் சுமத்ராவிலிருந்து வருவதுதான். மலைக்காட்டில் மரப்பட்டையைக் கீறிவிட்டு, பால் வடிந்து இறுகும்வரை மாதக்கணக்கில் காத்திருந்து சுரண்டி எடுப்பார்கள். அங்கே பாருஸ் துறைமுகத்துப் பக்கம் 1088ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டே கிடைத்திருக்கிறது, ஐந்நூற்றுவர் என்ற வணிகக் கூட்டம் வைத்தது. பாருஸ் கற்பூரத்துக்கும் சாம்பிராணிக்கும் பேர்போன ஊர். என் உம்மாவழிப் பாட்டனார்களும் கப்பல்காரர்கள்தான், அதனால் இதைப் படித்த அன்றைக்கு ராத்திரி எனக்குத் தூக்கமே இல்லை.

கோவை ராக்கோழி:

தூக்கப் பரிசோதனை செய்யும் இடத்தில் டெக்னீசியனாக இருக்கிறேன், அதனால் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அக்கா சொல்வதைப் பிரான்சில் ஒருவர் வேண்டுமென்றே செய்து பார்த்து 1867இல் எழுதியே வைத்திருக்கிறார். எர்வே த சேன் தெனி என்ற சீனமொழி அறிஞர். விவாரே என்ற மலைப்பகுதிக்குப் போனபோது ஒரு புது அத்தரைக் கைக்குட்டையில் போட்டு அங்கே இருந்தவரை மோந்துகொண்டே இருந்தார், ஊர் திரும்பியதும் குப்பியை மூடிவைத்துவிட்டார். மாதங்கள் கழித்து, எந்த ராத்திரி என்று தனக்குச் சொல்லாமல், தூங்கும்போது தலையணையில் சில சொட்டு விடும்படி வேலைக்காரரிடம் சொல்லிவைத்தார். அந்த ராத்திரி கனவில் விவாரே மலைக்கே போய்விட்டார்.

சத்தம் போட்டால் எழுந்துவிடுகிறோம், வாசனைக்குப் பெரும்பாலும் எழுவதில்லை. 2004இல் வந்த அமெரிக்க ஆய்வொன்றில், கனவு வரும் தூக்கத்தில் புதினா வாசனை காட்டியும் யாரும் எழவில்லை. ஜெர்மனியில் ரோஜா வாசனையும் அழுகிய முட்டை நாற்றமும் காட்டியபோது கனவின் மனநிலை நல்லதாகவும் கெட்டதாகவும் மாறியிருக்கிறது, ஆனால் கனவில் ரோஜாவோ முட்டையோ வரவில்லை. அக்கா கனவில் புகை வராததும் இதேபோலத்தான் இருக்கிறது!

நானும் வீட்டுக்காரியும் கோத்தகிரி போனபோது, குறும்பர்கள் காட்டில் எடுக்கும் கருங்குங்கிலியத்தை வாங்கி, தங்கியிருந்தவரை அதை மட்டும் போட்டோம். அப்புறம் அதைத் தொடவே இல்லை. ஒருநாள் அவள் எனக்குத் தெரியாமல் துணியில் முடிந்து தலைமாட்டில் வைத்திருக்கிறாள். கனவில் கொண்டை ஊசி வளைவு, பஸ் ஜன்னல் கம்பியில் பனித்தண்ணீர் வரிசையாகத் தொங்குகிறது, கை வைத்தால் சில்லிடுகிறது. எழுந்து சொன்னதும் அவள் முடிச்சை எடுத்துக் காட்டினாள். எல்லா ராத்திரியும் நடப்பதில்லை, நடக்காத ராத்திரிதான் அதிகம். ஆனால் ஊருக்கு ஒரு வாசனை என்று ஒதுக்கி வைத்தால்தான் நடக்கிறது என்பது என் கட்சி. தினமும் பூஜைக்குப் போடுவதையே தூங்கும்போதும் போட்டால் அது எந்த ஊருக்கென்று போகும்?

தயவுசெய்து யாரும் கதவைச் சாத்திக்கொண்டு தணலோடு தூங்காதீர்கள். கரிப்புகையில் வரும் கார்பன் மோனாக்சைடுக்கு வாசனையே கிடையாது, தூக்கத்திலேயே ஆளைக் கொன்றுவிடும். துணியில் முடிந்த பொடி போதும். ஆஸ்துமா இருப்பவர்கள் வீட்டில் புகையே வேண்டாம்.

காவிரிக்கரை:

தம்பி, நல்லவேளை சொன்னீர்கள், இனி முடிச்சுதான். நாகூர் பாய் எழுதியதை வீட்டில் எல்லாருக்கும் படித்துக் காட்டினேன், அம்மா அழுதுவிட்டார். ஒரு உதவி வேண்டும். நாட்டு மருந்துக் கடையில் குங்கிலியம் என்று கேட்டால் கடைக்கொரு பிசின் தருகிறார்கள், ஒன்று மஞ்சள், ஒன்று கறுப்பு, ஒன்றில் மண்ணும் மரத்தூளும்தான். அப்பாயி வைத்திருந்தது தேன் நிறத்தில் கண்ணாடி மாதிரி இருக்கும், உடைத்தால் சில்லுசில்லாகத் தெறிக்கும். மயிலாடுதுறை, கும்பகோணம் பக்கம் அப்படிப்பட்ட சரக்கு விற்கும் கடை தெரிந்தவர்கள் சொல்லுங்கள், தீபாவளிக்கு ஊருக்கு வரும்போது வாங்கிக்கொள்கிறேன்.