டாக்சிசைக்ளின் கேப்சூல் குறித்து ஒரு சந்தேகம்

அனைவருக்கும் வணக்கம். உண்ணிக் காய்ச்சல் கண்டிருக்கும் எங்கள் நாட்டு நாய்க்கு (எடை 10 கிலோ), டாக்சிசைக்ளின் 100 மி.கி. மாத்திரையில் பாதியைக் காலையும் இரவும் உணவுக்குப் பின் 28 நாள்கள் கொடுக்கும்படி கால்நடை மருத்துவர் எழுதித் தந்தார். மாத்திரை இருப்பில் இல்லையென்று மருந்துக் கடையில் அதே 100 மி.கி. அளவில் கேப்சூலைக் கொடுத்துவிட்டார்கள். மனிதர்களுக்கான அட்டை என்பதால், செங்குத்தான சிவப்புக் கோட்டையும் மருத்துவர் சீட்டின்றி விற்கலாகாது என்ற எச்சரிக்கையையும் தவிர, நாய்க்குரிய குறிப்பு எதுவும் அதில் இல்லை. கேப்சூலைத் திறந்து தூளைக் கண்ணளவில் பாதியாக்குவதும் எனக்குச் சரியாகப் படவில்லை.

கிலோவுக்கு 5 மி.கி. வீதம் இருவேளையோ, அல்லது 10 மி.கி. வீதம் ஒருவேளை மட்டுமோ கொடுக்கும் வழக்கம் உண்டு என்பதால், முழுக் கேப்சூலை நாளொன்றுக்கு ஒருமுறை கொடுக்குமாறு உங்கள் மருத்துவர்கள் யாரேனும் மாற்றி எழுதியதுண்டா? எங்கள் மருத்துவரைத் திங்களன்றுதான் பார்க்க முடியும். அவரிடம் கேட்காமல் அளவை மாற்றப்போவதில்லை. அதுவரை பாதி மாத்திரையாகவே கிடைக்க வழியிருந்தால் சொல்லுங்கள்.

பாலிலுள்ள கால்சியம் இம்மருந்து உடலில் சேர்வதைக் குறைக்கக்கூடும் என்பதால், தயிர்சாதம் தவிர எதையும் ஏறெடுத்துப் பார்க்காத (செல்லம் கொடுத்தது வீட்டுப் பெரியவர்கள்) நாய்க்கு இதை எதனுடன் கொடுப்பது என்பதையும் அனுபவமுள்ளவர்கள் தெரிவித்தால் நன்றியுடையவனாவேன்.