மணி அடித்த பிறகு நீடிக்கும் ஒலிக்கு 'ஒடுங்கொலி' சரியாக வருமா?

அனைவருக்கும் வணக்கம்.

மூன்றாம் படலத்தில் நம்மை நிறுத்தி வைத்திருக்கும் அந்த இடத்துக்கு என் பரிந்துரையை எழுதுகிறேன். புதிதாகச் சேர்ந்தவர்களுக்காக ஒரு வார்த்தை: ஒலியோர் என்பவர்கள் நாம் கூடி எழுதும் கதையுலகத்து மக்கள், ஒலியையே தெய்வமாகக் கும்பிடுகிறவர்கள். அவர்கள் மறை ஏட்டில் இல்லை, வாயில் இருக்கிறது. ஒரு பாட்டு முடிந்ததும் வெண்கல மணியை ஒரே ஒரு தடவை அடிப்பார்கள். அது முழுக்க அடங்கும்வரை அடுத்த பாட்டைத் தொடங்கக் கூடாது. அடித்த அடிக்கும் அடங்கிய அமைதிக்கும் நடுவில் கேட்பது எதுவோ, அதுதான் அவர்களுக்குத் தெய்வம். அதற்குத்தான் பெயர் தேடுகிறோம்.

'எதிரொலி' பொருந்தாது. தடுப்பில் பட்டுத் திரும்பும் ஒலி தனியாகக் காதில் விழ வேண்டுமென்றால், போய்வரப் பத்தில் ஒரு விநாடியாவது ஆக வேண்டும். சுவர் ஏறக்குறைய 17 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். பாடநூலில் வரும் 'எதிர்முழக்கம்' நல்ல சொல், ஆனால் அது இடத்தின் குணம். பத்துமலைக் குகைக்குள் மேளம் வாசிக்கும்போது பாறையும் கூரையும் மாறி மாறித் திருப்பி அனுப்புகிறதே, அது. நம் ஒலியோர் திறந்த கடற்கரையில் கும்பிடுகிறவர்கள். சுவரே இல்லாத இடத்திலும் மணி அடித்த பிறகு ஒலித்துக்கொண்டுதான் இருக்கும்.

ஈப்போ அண்ணன் சொன்ன 'கார்வை', அதாவது சங்கீதத்தில் ஒரு சுரத்தை நீட்டிப் பிடிப்பது, என்னை ரொம்ப யோசிக்க வைத்தது. காதுக்கு இனிய சொல். ஆனால் கார்வையை எவ்வளவு நிறுத்துவது என்று வித்வான் தீர்மானிக்கிறார், தாளம் கணக்கு வைக்கிறது. மணியின் நீட்சி அடித்தவர் கையிலும் இல்லை, தாளத்திலும் இல்லை. 'ரீங்காரம்' என்றால் வண்டுதான் முதலில் நினைவுக்கு வரும்.

நம் இலக்கணக்காரர்கள் இதன் வாசல்வரை வந்திருக்கிறார்கள். மாத்திரையை விளக்க விரல் நொடிப்பதை நாலாகப் பிரித்தார்கள்: 'உன்னல் காலே, ஊன்றல் அரையே, முறுக்கல் முக்கால், விடுத்தல் ஒன்றே.' நொடிக்க நினைப்பது கால் மாத்திரை, விரலை ஊன்றுவதோடு அரை, முறுக்குவதோடு முக்கால், விடும்போது ஒன்று. என்ன நுட்பம் பாருங்கள், ஒலி பிறப்பதற்கு முன்னால் இருக்கும் நினைப்பையும் கணக்கில் சேர்த்திருக்கிறார்கள்! ஆனால் விடுத்தலோடு மாத்திரை முடிந்துவிடுகிறது. விட்ட பிறகு காற்றில் நிற்பதற்கு அந்தக் கணக்கில் இடம் இல்லை. ஒலியோரின் மறை தொடங்குவதே அங்கேதான்.

அங்கே என்ன நடக்கிறது? அடித்ததும் வரும் 'டாண்' சீக்கிரமே போய்விடும். மேல் சுரங்கள் முதலில் விலகும், அடிக்குரல் மட்டும் கடைசிவரை தங்கும். அதனால்தான் மணியொலி போகப் போக ஆழமாகிக்கொண்டே போவதுபோல் கேட்கிறது. வார்ப்பில் மணியின் வட்டம் இம்மி கோணியிருந்தாலும் நெருக்கமான இரண்டு அதிர்வெண்கள் சேர்ந்து, ஒலி ஏறி இறங்கி அலையும்.

ஆகவே என் பரிந்துரை: ஒடுங்கொலி.

பிரிக்ஃபீல்ட்ஸ் அக்கா 'தேய்வொலி' என்றார். ஒலிப்பதிவு வேலைக்கு அது போதும் என்றே நானும் நினைக்கிறேன். ஆனால் தேய்வது என்றால் குறைவது, வீணாவது. ஒலியோர் அப்படி நம்புவதில்லை. ஒலி வந்த இடத்துக்கே திரும்பிப் போகிறது என்பது அவர்கள் கொள்கை. தோன்றியது தன் மூலத்தில் போய் அடங்குவதைச் சைவ சித்தாந்தம் 'ஒடுக்கம்' என்றுதான் சொல்கிறது. 'ஒடுக்கம் என்றால் அடக்குமுறை நினைவு வருமே' என்ற மறுப்பு நியாயமானது. அதற்காகத்தான் ஒடுக்கு என்ற பிறவினையை விட்டுவிட்டு, ஒடுங்கு என்ற தன்வினையை எடுத்தேன். இங்கே யாரும் யாரையும் ஒடுக்கவில்லை, ஒலி தானாக ஒடுங்குகிறது.

இன்னொன்று, எனக்கு இதுவே பெரிய காரணம்: ஒடுங்கொலி வினைத்தொகை. ஒடுங்கிய ஒலி, ஒடுங்குகிற ஒலி, ஒடுங்கும் ஒலி, மூன்றும் அதற்குள் இருக்கிறது. தேய்பிறை, ஊறுகாய் மாதிரி காலம் காட்டாத சொல். மணி அடங்கும்போது எது போய்விட்டது, எது போய்க்கொண்டிருக்கிறது என்று பிரிக்க முடியாதல்லவா?

எப்போது முடிந்தது என்பதும் அப்படித்தான். பினாங்கில் எங்கள் பிட் ஸ்திரீட் பக்கம் மாரியம்மன் கோயில் மணி, பள்ளிவாசல் பாங்கு, தேவாலய மணி எல்லாம் நடக்கிற தூரத்தில். அவற்றின்மேல் மோட்டார் சைக்கிள் இரைச்சல். அங்கே நின்று கேட்கிற இருவர், மணி எப்போது ஓய்ந்தது என்பதில் ஒத்துப்போக மாட்டார்கள். 1895இல் ஹார்வர்டில் மண்டப ஒலியை ஆராயத் தொடங்கிய இயற்பியலாளர் வாலஸ் சாபினும் காதைத்தான் நம்பினார்: ஆர்கன் இசைக்குழாயின் ஒலியை நிறுத்திவிட்டு, அது காதுக்கு எட்டாமல் போகும்வரை நேரம் குறித்தார். ஒலி 60 டெசிபல் (ஒலி அளவின் அலகு) குறைய, அதாவது ஆற்றல் பத்து லட்சத்தில் ஒரு பங்காக ஆகும் நேரம் என்ற அளவு பிறகு நிலைபெற்றது. ஒலியோரிடம் டெசிபல் கிடையாது. சபையில் கடைசியாகக் கேட்பவர் கையைத் தாழ்த்தும்வரை காத்திருப்பார்கள்.

பாட்டில் வைத்துப் பார்த்தேன்:

அடித்தது கை; ஒலித்தது வெண்கலம்;
ஒடுங்கொலி ஒருவர்க்கும் உரியதில்லை.
கடைசிச் செவி விடும்வரை
அடுத்த சொல் எழாதிருக்க.

பேச்சிலும் சொல்லிப் பாருங்கள். 'மத்தளத்துக்கு ஒடுங்கொலி குறைவு, வெண்கலத்துக்கு நீளம்.' நாக்கு தடுக்கவில்லை.

நாலாம் படலத்தில் உடைந்த மணி வருகிறது. விரிசல் விட்ட மணி அடித்ததும் 'டக்' என்று செத்துவிடும், ஒடுங்கொலி அநேகமாக இராது. அந்த மணிக்கு ஒலியோர் துக்கம் காப்பார்களா, அல்லது உருக்கி மறுபடி வார்ப்பார்களா என்று அக்கா முடிவு சொன்னால், அதற்கான சொற்களை அடுத்துப் பேசலாம்.