1951 நியூயார்க் ஜயண்ட்ஸ்: 13 ஆட்டப் பின்னடைவைக் கடந்தது தொலைநோக்கியாலா, ஆட்டத்தாலா?

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். கிரிக்கெட் பார்த்து வளர்ந்த நான் சில காலமாக அமெரிக்க பேஸ்பாலின் பழைய பருவங்களைப் பற்றிப் படித்து வருகிறேன். அவற்றுள் என்னை மிகவும் ஈர்த்தது 1951-ஆம் ஆண்டின் நியூயார்க் ஜயண்ட்ஸ் அணியின் பருவம். ஆகஸ்ட் 11 அன்று புரூக்ளின் டாட்ஜர்ஸ் அணியைவிட 13 ஆட்டங்கள் பின்தங்கியிருந்த அந்த அணி, பருவ முடிவில் அதனுடன் சமநிலைக்கு வந்து, மூன்று ஆட்டத் தீர்வுத் தொடரில் பாபி தாம்சனின் ஹோம் ரன்னால் (வேலியைத் தாண்டிப் பந்தை அடித்துப் பெறும் ரன்) நேஷனல் லீக் பட்டத்தை வென்றது. ஆனால், அந்த அணி தன் சொந்தத் திடலில் தொலைநோக்கி வைத்து எதிரணியின் சைகைகளைத் திருடியது என்பது பின்னர் தெரியவந்ததாகவும் படித்தேன். இரண்டு ஐயங்கள் உள்ளன. '13 ஆட்டங்கள் பின்தங்கியது' என்பதை எப்படிக் கணக்கிடுகிறார்கள்? அந்த மீட்சிக்கு உண்மையான காரணம் தொலைநோக்கிதானா, அணியின் திறமைதானா? விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாவேன்.

முதல் மறுமொழி

வணக்கம் நண்பரே. கணக்கை முதலில் சொல்லிவிடுகிறேன். பேஸ்பாலில் புள்ளிகள் கிடையாது. வெற்றி, தோல்வி மட்டுமே. முன்னிலையில் உள்ள அணி எத்தனை வெற்றிகள் கூடுதலாகப் பெற்றிருக்கிறது, எத்தனை தோல்விகள் குறைவாகக் கண்டிருக்கிறது என்ற இரண்டையும் கூட்டி, இரண்டால் வகுக்க வேண்டும். ஆகஸ்ட் 11 ஆட்டங்கள் முடிந்தபோது டாட்ஜர்ஸ் 70 வெற்றி, 36 தோல்வி. ஜயண்ட்ஸ் 59 வெற்றி, 51 தோல்வி. வெற்றியில் 11, தோல்வியில் 15, ஆக 26. அதில் பாதி 13. அன்றைய பருவம் 154 ஆட்டங்களைக் கொண்டது என்பதால், ஜயண்ட்ஸுக்கு எஞ்சியிருந்தவை 44 ஆட்டங்கள் மட்டுமே. அவற்றுள் 37-ஐ அவர்கள் வென்றார்கள். டாட்ஜர்ஸ் தமக்கு எஞ்சிய 48-இல் 26-ஐ வென்றார்கள். இரண்டு அணிகளும் 96 வெற்றி, 58 தோல்வி என்று வந்து நின்றன. டாட்ஜர்ஸ் நொறுங்கிப்போய்த் தோற்றதாகப் பலர் எழுதுவது எனக்கு உடன்பாடானதன்று. பாதிக்கு மேல் வென்ற அணியை அப்படிச் சொல்ல முடியாது.

இரண்டாவது கேள்விக்கு வருகிறேன். அந்த ஆண்டு ஏப்ரலில் ஜயண்ட்ஸ் தொடர்ச்சியாக 11 ஆட்டங்களில் தோற்றது. அங்கிருந்து அணியை மேலாளர் லியோ டுரோஷர் மூன்று கட்டங்களில் மாற்றி அமைத்தார் என்பதே என் புரிதல். மே மாதத்தின் பிற்பகுதியில், முதல் பேஸில் (ஓடுபவர் வரிசையாகத் தொட வேண்டிய நான்கு இடங்களுள் முதலாவது) ஆடிக்கொண்டிருந்த மான்டி இர்வினை வெளிக்களத்தின் இடது புறத்துக்கும், இடது புறத்தில் இருந்த வைட்டி லாக்மனை முதல் பேஸுக்கும் மாற்றினார். தனக்குப் பொருந்தாத இடத்திலிருந்து விடுபட்ட இர்வின், அந்தப் பருவத்தில் தன் மட்டையால் 121 ரன்களை உள்ளே கொண்டுவந்து லீக்கிலேயே முதலிடம் பெற்றார். அடுத்து, கீழ்நிலை லீக்கைச் சேர்ந்த மின்னியாபொலிஸ் அணிக்காக .477 என்ற சராசரியில் (ஆயிரம் முயற்சிகளுக்கு 477 அடிகள் என்ற கணக்கில்) அடித்துக்கொண்டிருந்த 20 வயது வில்லி மேஸ் வரவழைக்கப்பட்டு, மே 25 அன்று பிலடெல்பியாவில் முதல் ஆட்டம் ஆடினார். முதல் 12 முயற்சிகளில் ஓர் அடிகூட அமையாமல் கலங்கியிருந்த அவருக்கு, வாரன் ஸ்பானின் பந்தில் அடித்த ஹோம் ரன்தான் முதல் அடியாக அமைந்தது. டுரோஷர் அவரை ஒருநாளும் உட்காரவைக்க எண்ணவில்லை.

மூன்றாவது மாற்றத்தைத்தான் பலரும் கவனிப்பதில்லை. மேஸ் வந்ததால் நடுக்களத்தில் தன் இடத்தை இழந்திருந்த பாபி தாம்சன், மூன்றாம் பேஸில் ஆடிவந்த ஹாங்க் தாம்சனுக்குக் காயம் ஏற்பட்டபின், ஜூலை 20 வாக்கில் அந்த இடத்துக்கு வந்தார். அதுவரை .250-க்கும் கீழே அடித்துக்கொண்டிருந்தவர், அதன் பின் .350-க்கு மேல் அடித்தார். இவற்றோடு பந்துவீச்சாளர்கள் சால் மேக்லியும் லாரி ஜான்சனும் ஆளுக்கு 23 வெற்றிகள் பெற்ற பந்துவீச்சையும் சேர்த்துப் பார்த்தால், மீட்சிக்கான காரணம் களத்திலேயே கிடைக்கிறது.

இரண்டாவது மறுமொழி

மேலே எழுதியவர் சொன்ன மாற்றங்கள் அனைத்தும் சரியானவை. ஆயினும் தொலைநோக்கியை அவர் முற்றிலும் கடந்து சென்றதை ஏற்க இயலவில்லை, ஏனெனில் அதுவும் அதே ஜூலை 20-ஐ ஒட்டித்தான் தொடங்கியது. தாம்சனின் ஏற்றத்துக்குப் புதிய இடம் காரணமா, திருடிய சைகைகள் காரணமா என்பதைத் தேதியை மட்டும் வைத்துப் பிரித்தறிய முடியாது.

கேள்வி கேட்டவருக்காகச் சற்று விளக்குகிறேன். அடுத்து எந்த வகைப் பந்து வர வேண்டும் என்பதைக் கேட்சர் (கிரிக்கெட்டின் விக்கெட் கீப்பரைப் போல மட்டையாளருக்குப் பின்னால் அமர்பவர்) தன் கால்களுக்கு இடையே விரல்களால் காட்டுவார். அது மட்டையாளருக்கு முன்கூட்டியே தெரிந்தால், சுழற்பந்து வீச்சாளர் கூக்ளி போடப்போகிறார் என்பதை ஓடிவரும் முன்பே அறிந்துகொள்வதைப் போன்றதாகும். ஜயண்ட்ஸின் திடலான போலோ கிரவுண்ட்ஸில் வீரர்களின் உடைமாற்றும் அறைகள், வழக்கத்துக்கு மாறாக, நடுக்களத்தின் கோடியில், மட்டையாளருக்கு நேர் எதிரே, ஏறத்தாழ 480 அடிக்கு அப்பால் இருந்தன. அங்குள்ள ஜன்னலில் தொலைநோக்கியுடன் அமர்ந்தவர் கேட்சரின் விரல்களைப் படித்து, மின்மணி ஒன்றை அழுத்துவார். அதன் ஒலி, மாற்றுப் பிட்சர்கள் (பந்துவீச்சாளர்கள்) அமர்ந்திருக்கும் புல்பென்னுக்குப் போகும். அங்கிருந்த மாற்றுக் கேட்சர் சால் ஐவர்ஸ், பந்தைக் கையிலேயே வைத்திருப்பது, மேலே தூக்கிப் போடுவது போன்ற அசைவுகளால் மட்டையாளருக்குச் செய்தி அனுப்புவார். 2001 ஜனவரியில் வால் ஸ்ட்ரீட் ஜர்னல் இதனை வெளியிட்டது. உயிருடன் இருந்த வீரர்கள் பலர் உண்மையென ஒப்புக்கொண்டார்கள்.

கருவி கொண்டு சைகை பார்ப்பதைத் தடுக்கும் எழுத்து வடிவ விதி 1951-இல் இல்லை. ஆனாலும் அதை மறைத்தே செய்தார்கள். நேர்மையானதன்று என்று அவர்களே அறிந்திருந்தார்கள் என்பதற்கு அதுவே போதும். ஆகஸ்ட் 12 முதல் 27 வரை அவர்கள் தொடர்ச்சியாக வென்ற 16 ஆட்டங்களுள் பெரும்பகுதி போலோ கிரவுண்ட்ஸில் நடந்தவை என்பதையும் மறக்கலாகாது.

முதல் மறுமொழியாளர் மீண்டும்

தங்கள் கருத்தை மதிக்கிறேன் ஐயா. ஏமாற்று நடக்கவில்லை என்று நான் சொல்லவில்லை. அது எவ்வளவு பயன் தந்தது என்பதே என் கேள்வி. பழைய ஆட்ட அட்டைகளைத் திரட்டி ஆய்ந்தவர்கள், ஜூலை 20-க்குப் பின் ஜயண்ட்ஸின் அடிச் சராசரி சொந்தத் திடலில் உயரவில்லை என்றும், தொலைநோக்கி இல்லாத வெளியூர்த் திடல்களில்தான் உயர்ந்தது என்றும் காட்டியிருக்கிறார்கள். சொந்தத் திடலில் மேம்பட்டது பந்துவீச்சு. தொலைநோக்கி சொந்த அணியின் பிட்சருக்கு எந்த வகையிலும் உதவாது.

ஆகஸ்ட் 15 ஆட்டத்தை எடுத்துக்கொள்ளுங்கள். டாட்ஜர்ஸின் கார்ல் ஃபுரில்லோ உயர அடித்த பந்தை வலப்புறம் ஓடிப் பிடித்த மேஸ், ஓடிய வேகத்திலேயே உடலை எதிர்ப்புறமாக முழுச் சுற்றுச் சுழற்றி எறிந்து, மூன்றாம் பேஸிலிருந்து ஓடிவந்த பில்லி காக்ஸை வெளியேற்றினார். ஜயண்ட்ஸ் 3-1 என்று வென்றது. பருவத்தின் கடைசி இரண்டு வெற்றிகளும் பாஸ்டனில் கிடைத்தவை. மேக்லி ரன்னே கொடுக்காமல் 3-0 என்றும், மறுநாள் ஜான்சன் 3-2 என்றும் வென்று தந்தார்கள்.

கேள்வி கேட்டவர்

இருவருக்கும் நன்றி. அக்டோபர் 3 ஆட்டத்தில் டாட்ஜர்ஸ் ஒன்பதாம் இன்னிங்ஸ் வரை 4-1 என்று முன்னிலையில் இருந்தும் ஏன் காக்க முடியவில்லை? தாம்சன் அந்தப் பந்தைச் சைகை அறிந்துதான் அடித்தாரா?

மூன்றாவது மறுமொழி

டாட்ஜர்ஸ் தரப்பைப் பற்றி யாரும் எழுதாததால் நான் எழுதுகிறேன். அந்த அணியின் களைப்பே விடையின் பெரும்பகுதி. டான் நியூகம் செப்டம்பர் 29 அன்று பிலடெல்பியாவில் முழு ஆட்டமும் வீசினார். மறுநாள் அதே ஊரில் 14 இன்னிங்ஸ் நீண்ட ஆட்டத்தில் மாற்றுப் பிட்சராக மீண்டும் ஐந்து இன்னிங்ஸுக்கு மேல் வீசினார். அந்த ஆட்டத்தைத் தன் பிடியாலும் ஹோம் ரன்னாலும் 9-8 என்று மீட்டவர் ஜாக்கி ராபின்சன். அவர் இல்லையென்றால் தீர்வுத் தொடரே நடந்திருக்காது. இரண்டு நாள் ஓய்வோடு அக்டோபர் 3 அன்று களமிறங்கிய நியூகம், ஒன்பதாம் இன்னிங்ஸில் ஆல்வின் டார்க், டான் முல்லர், லாக்மன் ஆகியோரின் அடிகளுக்குப் பின் நிறுத்தப்பட்டார். ஸ்கோர் 4-2. அவருடைய வீச்சை நன்கறிந்த கேட்சர் ராய் கேம்பனெல்லா காயத்தால் அன்று ஆடவில்லை என்பதும் பேரிழப்பு. முதல் தீர்வு ஆட்டத்தில் இதே தாம்சனுக்கு ஹோம் ரன் கொடுத்திருந்த ரால்ஃப் பிராங்காவையே மேலாளர் சார்லி டிரெசன் அழைத்தார். பிராங்காவின் இரண்டாவது பந்து இடப்புறப் பார்வையாளர் பகுதியில் போய் விழுந்தது. அந்தக் கோட்டின் ஓரம் வேலி 279 அடியில்தான் இருந்தது.

சைகை அறிந்து அடித்தாரா என்பதில், அந்தப் பந்துக்குத் தமக்குச் செய்தி வரவில்லை என்பதையே தாம்சன் 2010-இல் இறக்கும்வரை சொல்லி வந்தார். அப்போது லாக்மன் இரண்டாம் பேஸில் நின்றார். அங்கு நிற்பவர் கண்ணாலேயே சைகையைப் பார்க்க முடியும் என்பதால், அத்தகைய வேளைகளில் கேட்சர்கள் வரிசையைக் குழப்பிக் காட்டுவது வழக்கம். தொலைவிலிருந்து படிப்பது மேலும் கடினம். ஆகவே தாம்சனின் சொல்லை நான் நம்புகிறேன். ஆனால் பிராங்காவை நினைக்கும்போது மனம் கனக்கிறது. 1954-இல் டெட்ராய்ட் அணியில் இருந்தபோதே இந்த ஏமாற்றைப் பற்றிக் கேள்விப்பட்ட அவர், 'தோல்விக்குக் காரணமானவர்' என்ற பெயரைச் சுமந்தபடி ஏறத்தாழ அரை நூற்றாண்டு அதை வெளியில் பேசாமல் இருந்தார்.

இரண்டாவது மறுமொழியாளர் மீண்டும்

பந்துவீச்சைப் பற்றிய வாதத்தை ஏற்கிறேன்; 37 வெற்றிகளைத் தொலைநோக்கியின் கணக்கில் எழுத முடியாது. ஆனால் சமநிலையில் முடிந்த பருவம் இது. ஜூலை 20-க்குப் பின் சொந்தத் திடலில் ஒரே ஓர் ஆட்டம் அந்த மணியொலியால் வெல்லப்பட்டிருந்தாலும், அது இல்லையேல் டாட்ஜர்ஸ் தீர்வுத் தொடரின்றியே பட்டம் பெற்றிருக்கும். அதனால்தான் பிராங்காவுக்கு இழைக்கப்பட்டதை அநீதி என்றே கருதுகிறேன்.

கேள்வி கேட்டவர் இந்தப் பருவத்தை அக்டோபர் 3-உடன் நிறுத்திவிட வேண்டாம். இரண்டு லீக்குகளின் வெற்றியாளர்கள் மோதும் உலகத் தொடர் மறுநாளே யாங்கி ஸ்டேடியத்தில் தொடங்கியது. அதில், முல்லரின் கணுக்கால் காயத்தால் ஹாங்க் தாம்சன் வலப்புறம் ஆட, இர்வின், மேஸ், ஹாங்க் தாம்சன் என வெளிக்களம் முழுவதும் கறுப்பின வீரர்களே நின்றார்கள். உலகத் தொடரில் அது முதன்முறை; கறுப்பின வீரர்களுக்கு மூடியிருந்த கதவைத் திறந்த ராபின்சன் இந்த லீக்கில் நுழைந்து நான்கே ஆண்டுகள் ஆகியிருந்தன. அந்த ஆட்டத்தை ஜயண்ட்ஸ் வென்றது. தொடரை 4-2 என்று நியூயார்க் யாங்கீஸ் வென்றது.