செர்பியர்களோடும் போஸ்னியர்களோடும் பழகியவர்கள் உங்கள் அனுபவத்தை எழுதுங்கள்

பேர்ன்வாசி

சுவிட்சர்லாந்தில் எங்கள் ஆட்கள் நிறையப் பேர் மருத்துவமனைச் சமையலறைகளில் வேலை செய்கிறோம். பக்கத்தில் நிற்பவர் பெரும்பாலும் பழைய யூகோஸ்லாவியாக்காரராகத்தான் இருப்பார். என் பகுதியில் இரண்டு பெண்கள். ஒருவர் செர்பியாவின் ஷாபாட்ஸ் நகரத்தவர், மற்றவர் போஸ்னியாவின் பிரியேதோரைச் சேர்ந்த முஸ்லிம். இருவர் பேச்சையும் கேட்டால் ஒரே தெருவில் வளர்ந்தவர்கள் என்றே தோன்றும். இலையுதிர் காலம் வந்துவிட்டால் சுட்ட சிவப்புக் குடைமிளகாயில் செய்த அய்வாரை ஜாடி ஜாடியாகக் கொண்டுவந்து, யாருடையது நன்றாக வந்திருக்கிறது என்று எங்களைத் தீர்ப்புச் சொல்லச் சொல்வார்கள்.

ஒரு மே 31 அன்று பிரியேதோர் பெண் கையில் வெள்ளைத் துணியைச் சுற்றிக்கொண்டு வந்தார். செர்பியப் பெண் அதைப் பார்த்து, "என்ன, கையைச் சுட்டுக்கொண்டாயா?" என்று கேட்டார். அவர் "இல்லை" என்று மட்டும் சொல்லிவிட்டு உருளைக்கிழங்கு உரிக்கத் தொடங்கினார். அன்று முழுவதும் வேறு பேச்சில்லை.

போஸ்னியப் போரின் தொடக்கத்தில், 1992 மே 31-இல் பிரியேதோரின் செர்பிய நிர்வாகம், செர்பியர் அல்லாதவர்கள் வீட்டு வாசலில் வெள்ளைத் துணி தொங்கவிட வேண்டும், வெளியே வரும்போது கையில் வெள்ளைப் பட்டி கட்ட வேண்டும் என்று உத்தரவிட்டது. அதன்பின் ஒமார்ஸ்கா, கெராதெர்ம், தெர்னோபோல்யே தடுப்பு முகாம்கள். அந்த நினைவுக்காகத்தான் இன்றைக்கும் மே 31-இல் வெள்ளைப் பட்டி கட்டுகிறார்கள்.

அந்தக் கேள்வி உண்மையாகவே தெரியாமல் கேட்டதா, தெரிந்தே கேட்டதா? எனக்கு இன்றுவரை விளங்கவில்லை. 1983 ஜூலையில் கொழும்பில் இருந்த குடும்பம் எங்களுடையது. பக்கத்து வீட்டுக்காரர் "அப்போது என்ன நடந்தது?" என்று கேட்டால் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும்.

நடைவழி

இந்தியக் கடவுச்சீட்டுக்கு செர்பியாவில் விசா தேவையில்லாத காலத்தில் போனேன் (2023 தொடக்கத்திலிருந்து தேவை). பெல்கிரேடில் நான் தங்கிய சிறு விடுதியின் உரிமையாளர் செர்பியர், ஆனால் பிறந்தது சராயேவோவில்.

போஸ்னியப் போரை முடித்த டேட்டன் ஒப்பந்தப்படி 1996-இன் தொடக்கத்தில், செர்பியர் கையில் இருந்த சராயேவோவின் புறநகர்களான குர்பாவிட்சா, இலிஜா போன்றவை போஸ்னிய முஸ்லிம்களும் குரோவேஷியர்களும் சேர்ந்த கூட்டமைப்பின் கைக்கு மாறின. பல்லாயிரக்கணக்கான செர்பியர்கள் கிளம்பினார்கள். இவர் அப்போது சிறுவன். கல்லறையைத் தோண்டித் தாத்தாவின் சவப்பெட்டியை எடுத்து, குளிர்பதனப் பெட்டிக்கும் மெத்தைகளுக்கும் நடுவே லாரியில் ஏற்றினார்களாம். பலர் அப்படித்தான் தங்கள் இறந்தவர்களையும் கொண்டுபோனார்கள். அடுப்பில் செவாப்பி (விரல் அளவுக்கு உருட்டிச் சுடும் கொத்திறைச்சி) புரட்டிக்கொண்டே இதைச் சொன்னார். செவாப்பியும் சராயேவோ முறைதான். பிளந்த சோமூன் ரொட்டிக்குள் வைத்து, வெங்காயத்தோடு. தெற்கு செர்பியாவின் லெஸ்கோவாட்ஸ் முறையை அவர் உணவாகவே மதிக்கவில்லை.

பிறகு அவர் சொன்னதுதான் எனக்குள் நிற்கிறது: "சராயேவோவில் நான் செர்பியன், போய்விட்டவன். இங்கே என்னைப் 'போஸ்னியன்' என்றுதான் கூப்பிடுகிறார்கள். பள்ளியில் என் உச்சரிப்பைக் கேட்டுச் சிரித்தார்கள்."

செர்பியர் எப்படி, போஸ்னியர் எப்படி என்று யாராவது கேட்டால் எனக்கு அந்த மனிதர் முகம்தான் வருகிறது. அவரை எந்தப் பக்கம் நிறுத்துவது?

தூஸ்லா நினைவு

நடைவழி, அந்த மனிதரின் துயரம் உண்மை. ஆனால் குர்பாவிட்சா என்று எழுதிவிட்டு, செர்பியப் படை சராயேவோவை முற்றுகையிட்டதைப் பற்றி ஒரு வரிகூட எழுதாமல் எப்படிக் கடந்துபோக முடிகிறது? போரின்போது அந்தப் பகுதி செர்பியப் படையின் கையில் இருந்தது. குறிபார்த்துச் சுடுபவர்கள் அங்குள்ள உயர்ந்த கட்டடங்களிலிருந்துதான் ஆற்றின் மறுகரையில் நடந்தவர்களைச் சுட்டார்கள். 1992 ஏப்ரல் முதல் 1996 பிப்ரவரி வரை முற்றுகை நீடித்தது. 2012-இல் நகரத்தின் முக்கியச் சாலையில் 11,541 சிவப்பு நாற்காலிகளை வரிசையாக வைத்தார்கள், இறந்த ஒவ்வொருவருக்கும் ஒன்று. அந்த நகரத்திலிருந்து கிளம்பியவரின் கதையை எழுதும்போது கிளம்பாமல் செத்தவர்களையும் எழுத வேண்டும்.

இன்னொன்று. தலைப்பைப் படித்தால் "போஸ்னியர்" என்றாலே முஸ்லிம் என்று தோன்றும். முஸ்லிம் மரபினர் போஸ்னியாக்கள். போஸ்னியர் என்பது அந்த நாட்டில் பிறந்த யாரையும் குறிக்கும். 2013 கணக்கெடுப்பில் போஸ்னியாக்கள் 50 சதவீதம், செர்பியர் 31 சதவீதத்தை ஒட்டி, குரோவேஷியர் 15 சதவீதத்துக்குச் சற்று மேல். சராயேவோவைக் காத்த போஸ்னிய ராணுவத்தின் தளபதிகளில் ஒருவரான யோவான் திவ்யாக், பெல்கிரேடில் பிறந்த செர்பியர். 2021-இல் அவர் இறந்தபோது அந்த நகரமே துக்கம் காத்தது.

என் அனுபவம் சிறியதுதான். போஸ்னியாவில் செர்பியர் அதிகம் வாழும் பன்யா லூக்காவில் டாக்ஸி ஓட்டியவரிடம் "நீங்கள் போஸ்னியரா?" என்றேன். "நான் செர்பியன். பிறந்தது போஸ்னியாவில்" என்று வெடுக்கென்று சொன்னார். அதே வாரம் தூஸ்லாவில் ஆர்த்தடாக்ஸ் குடும்பத்தில் பிறந்த ஓர் ஆசிரியை என்னைக் காப்பியா சதுக்கத்துக்கு அழைத்துப்போனார். 1995 மே 25-இல் அங்கே விழுந்த ஒரே குண்டில் 71 பேர் இறந்தார்கள், பெரும்பாலும் இளைஞர்கள். அவர்களில் மிகப் பலரை மதம் பார்க்காமல் ஒரே இடத்தில் அடக்கம் செய்திருக்கிறார்கள். கல்வெட்டிலுள்ள பெயர்களில் சிலவற்றை அவர் விரலால் தொட்டு, "இவர்கள் என் மாணவர்கள். நான் போஸ்னியக்காரி" என்றார். நான் அவரிடம் எதையும் கேட்டிருக்கவில்லை.

இயந்திர அறை

கப்பல்காரன் நான். எங்கள் கப்பலில் எண்ணெய் போடும் பணியில் இருந்தவர் நோவி பசார் ஊர்க்காரர். கையில் செர்பியக் கடவுச்சீட்டு, வம்சத்தில் போஸ்னியாக். செர்பியாவிலேயே ஒன்றரை லட்சத்துக்கும் மேல் போஸ்னியாக்கள் இருக்கிறார்கள், அதிலும் சாண்ட்ஜாக் பகுதியில் அதிகம். தூஸ்லா நினைவு அவர்கள் போட்ட கோடு இவரிடம் இன்னும் குழம்பிப்போகிறது. போஸ்னியாவில் ஒருநாள்கூட வாழாத போஸ்னியாக் அல்லவா?

2014 உலகக் கோப்பை. போஸ்னியா முதல்முறையாக ஆடுகிறது, செர்பியா தகுதி பெறவில்லை. நைஜீரியாவுக்கு எதிராக எதின் ஜேகோ போட்ட கோலை ஆஃப்சைடு என்று தள்ளிவிட்டார்கள். அது ஆஃப்சைடே இல்லை. நோவி பசார்க்காரர் நாற்காலியை உதைத்துக்கொண்டு எழுந்தார். அவருக்கு முன்பே எழுந்து மேசையைக் குத்தியவர் பெல்கிரேடைச் சேர்ந்த எங்கள் இரண்டாம் அதிகாரி! இரண்டு பேரும் ஒரே மொழியில், ஒரே வசவுகளில் நடுவரைத் திட்டித் தீர்த்தார்கள்.

ஆனால் அந்த ஆட்டம் தொடங்குமுன் நடந்தது வேறு. தேசிய கீதம் ஒலித்தபோது ஆட்டக்காரர்கள் யாரும் பாடவில்லை. அந்தக் கீதத்துக்கு வரிகள் கிடையாது. எந்த வரி வைப்பது என்று நாட்டுக்குள் உடன்பாடே வரவில்லை. இரண்டாம் அதிகாரி சிரித்தார். நோவி பசார்க்காரர் சிரிக்கவில்லை. "சிரிக்காதே" என்றார், மெதுவாக. அவரும் உடனே நிறுத்திவிட்டார்.

வழித்துணை

நானும் பெல்கிரேடிலிருந்து சராயேவோவுக்குப் பஸ்ஸில் போயிருக்கிறேன். திரினா ஆற்றுப் பாலத்தில் நடத்துநர் எல்லோருடைய கடவுச்சீட்டையும் ஒரே கட்டாக வாங்கிக்கொண்டு போனார். திருப்பிக் கொடுக்கும்போது அட்டையைப் பார்க்காமல், முகத்தைப் பார்த்தே சரியாகக் கொடுத்தார்.

போகிறவர்களுக்குச் சில செய்திகள் சொல்லிவிடுகிறேன். பெல்கிரேடிலிருந்து வரும் பஸ்களில் பல, நகரத்தின் நடு நிலையத்துக்கு வராமல் கிழக்கு சராயேவோ நிலையத்தில் நின்றுவிடும். அது போஸ்னியாவுக்குள்ளேயே இருக்கும் 'செர்பியக் குடியரசு' என்ற பகுதி, மற்றது கூட்டமைப்பு. பயப்பட ஒன்றுமில்லை, இரண்டு பகுதிகளுக்கும் நடுவே சோதனைச் சாவடி எதுவும் கிடையாது. சிறிது தூரம் நடந்தால் தோப்ரின்யா, அங்கிருந்து 103-ஆம் எண் டிராலிபஸ் பழைய நகரத்துக்குக் கொண்டுபோகும். போஸ்னியாவின் மார்க் நாட்டைவிட்டு வெளியே மாற்ற முடியாத பணம், கிளம்புமுன் செலவழித்துவிடுங்கள். செர்பியாவில் 24 மணி நேரத்துக்குள் காவல்துறையிடம் தங்குமிடத்தைப் பதிவு செய்ய வேண்டும். விடுதியில் அவர்களே செய்துவிடுவார்கள், நண்பர் வீட்டில் தங்கினால் நீங்கள்தான் கேட்டுச் செய்துகொள்ள வேண்டும். மலையேறப் போகிறவர்கள் குறியிட்ட பாதையைவிட்டு ஓரடிகூட விலகாதீர்கள். போரில் புதைத்த கண்ணிவெடிகள் போஸ்னியாவில் இன்னும் மிச்சமிருக்கின்றன. மண்டையோடு வரைந்த சிவப்புப் பலகை தெரிந்தால் வந்த வழியே திரும்புங்கள்.

யாரிடமும் மதம் கேட்காதீர்கள். பெயரைச் சொன்னாலே ஊர்க்காரர்களுக்குத் தெரிந்துவிடும், குடும்பப் பெயரைவிட முதற்பெயர்தான் காட்டிக்கொடுக்கும். வீட்டுக்குள் நுழையும்போது செருப்பைக் கழற்றுங்கள், அவர்களே வீட்டுச் செருப்பு தருவார்கள். காப்பி கொடுத்தால் நின்றுகொண்டே குடித்துவிட்டு ஓடாதீர்கள். இது இரண்டு பக்கத்துக்கும் பொருந்தும். ஸ்ரெப்ரெனிட்சாவைப் பற்றி நீங்களாகப் பேச்செடுக்காதீர்கள். அவர்களாகப் பேசினால் முழுவதும் கேளுங்கள். "இரண்டு பக்கமும் தப்பு செய்தார்கள்தானே" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். 1995 ஜூலையில் அங்கே போஸ்னிய செர்பியப் படையால் கொல்லப்பட்ட போஸ்னியாக்கள் எட்டாயிரத்துக்கும் மேல். அது இனப்படுகொலை என்று சர்வதேச நீதிமன்றமே 2007-இல் தீர்ப்பளித்திருக்கிறது.

நோவிசாட் மாணவி

பேர்ன்வாசி அக்கா கேட்ட கேள்விக்காகவே எழுதுகிறேன்.

நோவி சாட்டில் படித்தபோது வகுப்புத் தோழி தன் வீட்டு ஸ்லாவாவுக்கு அழைத்தாள். ஸ்லாவா என்பது குடும்பத்தின் காவல் புனிதருக்கு ஆண்டுதோறும் எடுக்கும் விழா, செர்பியர்களின் தனி அடையாளம். அவர்களுடைய புனிதர் நிக்கோலஸ், நாள் டிசம்பர் 19. என்னுடன் என் அறைத்தோழியும் வந்தாள். அவள் போஸ்னியாக், குடும்பத்தின் ஊர் போஸ்னியாவின் ஃபோச்சா. பன்றி இறைச்சி இருக்குமே என்று எனக்குத்தான் பதற்றம். ஆனால் அந்த நாள் கிறிஸ்துமஸுக்கு முந்தைய நோன்புக் காலத்தில் வருவதால் மேசையில் மீனும் பீன்ஸும்தான். இறைச்சியோ பாலோ இல்லை. வாசலிலேயே வேகவைத்த இனிப்புக் கோதுமையை நீட்டினார்கள். அவள் ஒரு கரண்டி எடுத்துக்கொண்டு, அவர்கள் முறைப்படியே விழா வாழ்த்துச் சொன்னாள். தோழியின் அம்மா அவளைக் கட்டிக்கொண்டார்.

பிறகு தாத்தா அவளிடம் ஊர் கேட்டார். "ஃபோச்சா." மேசையில் பேச்சு நின்றது. அங்கே 1992-இல் முஸ்லிம் பெண்களுக்கு நேர்ந்த கொடுமைகளுக்காக ஹேக் நகரின் யூகோஸ்லாவியப் போர்க்குற்றத் தீர்ப்பாயம் 2001-இல் தண்டனை விதித்திருக்கிறது. தாத்தா, தான் இளவயதில் ராணுவப் பணியில் அங்கே இருந்ததாகவும், அலாஜா பள்ளிவாசலைப் பார்த்திருப்பதாகவும் சொன்னார்.

"அதை 92-இல் தகர்த்துவிட்டார்கள்" என்றாள் அவள்.

"தெரியும்" என்றார் அவர். கண்ணை விலக்கவில்லை.

2019-இல் அதை மீண்டும் கட்டித் திறந்துவிட்டார்கள் என்று அவள் சொன்னாள். அதுவும் தனக்குத் தெரியும் என்றார். தோழியின் மாமா மட்டும் எழுந்து பால்கனிக்குப் போய்விட்டார்.

ஒரே வீட்டில், ஒரே மேசையில் இரண்டு விதமான ஆட்களும் இருந்தார்கள் அக்கா. உங்கள் சமையலறைப் பெண் எந்த விதம் என்று நாங்கள் எப்படிச் சொல்ல முடியும்?

பேர்ன்வாசி

தங்கைக்கு நன்றி. வழித்துணை, நீங்கள் "பேச்செடுக்காதீர்கள்" என்று சொன்னது பயணிகளுக்குச் சரி. நான் பயணி இல்லை. அவர்கள் இரண்டு பேருடனும்தான் எனக்குத் தினமும் வேலை. தெர்னோபோல்யே கம்பி வேலிக்குப் பின்னால் நின்ற எலும்பும் தோலுமான ஆண்களின் படம் 1992 ஆகஸ்டில் உலகமே பார்த்தது. வயதில் என்னைவிட மூத்த அந்தப் பெண் பிரியேதோர் என்ற பெயரையே கேட்டதில்லை என்றால் என்னால் நம்ப முடியவில்லை. ஆனால் அந்த ஆண்டுகளில் செர்பியாவில் அரசுத் தொலைக்காட்சி எதைக் காட்டியது, எதைக் காட்டவில்லை என்பதும் எனக்குத் தெரியும். அடுத்த மே 31-க்குள் அந்தத் துணி எதற்கென்று செர்பியப் பெண்ணிடம் நானே சொல்லிவிடலாம் என்று நினைக்கிறேன். பிரியேதோர்க்காரர் அதை விரும்புவாரா என்பதை முதலில் அவரிடம் கேட்க வேண்டும்.